யோசப் விழவேண்டிய இடம்

அன்று காலை ரப்பர் தோட்டத்து மேற்பிரிவின் லயத்து வீடுகளில் யாருக்கும் தேத்தண்ணியின் ருசி தெரியவில்லை. வாய் குடித்துக்கொண்டிருந்ததே தவிர, காதெல்லாம் தெரேசம்மாவின் ஒற்றை அறைக் காம்பராப் பக்கமே இருந்தது.

இருக்காதா பின்னே? முந்தின நாள் சாயந்தரம் கொழும்பிலிருந்து மூன்று வேன்கள் வந்து நின்றன. விளக்கும் பெட்டியும் வயர்ச் சுருளும் இறங்கின. வெள்ளைத் தொப்பி வைத்த ஒரு சினிமாத் தொரை, அதாவது தொரை வேஷக்காரர், இறங்கினார். கடைசியாக, கையில் சின்னப் பெட்டியோடு தெரேசம்மாவின் புருஷன் யோசப் இறங்கினான்.

யோசப்பைப் பற்றி யட்டியாந்தோட்டைப் பக்கத்தில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள், கேட்காவிட்டாலும் சொல்வார்கள். ரப்பர் மரத்தில் பால் வெட்டுகிற குடும்பத்தில் பிறந்து, சிங்களப் படத்தில் முகம் காட்டிய நம் பக்கத்து முதல் ஆள். ஆரம்பம் கரவனெல்லக் கோயிலில். பெரிய வெள்ளி நாடகத்தில் ரோமச் சிப்பாய் வேஷம், வசனம் ஒன்றும் கிடையாது. ஆனால் சவுக்கைப் பிடித்து அவன் நின்ற நிற்பில் சனமெல்லாம் அவனையே பார்க்க, சிலுவை சுமந்தவருக்கு அந்த வருஷம் முழுக்கக் கோபம். பிறகு கொழும்புக்குப் போய் ஒரு சிங்கள நாடகக் கோஷ்டியில் திரை இழுத்தான். காவல்காரன் வேஷக்காரருக்குக் காய்ச்சல் கண்ட ஒரு நாள், கயிற்றை இன்னொருவன் கையில் கொடுத்துவிட்டு மேடைக்குப் போனவன் அப்புறம் கயிற்றின் பக்கம் திரும்பவேயில்லை. மேடையிலிருந்து படம். பத்து வருஷத்தில் பதினோரு படம்.

பதினோரு படத்திலும் ஒரே வேலை என்பதுதான் கொஞ்சம் இடிக்கிறது. தட்டில் தேத்தண்ணி கொண்டுவர வேண்டும். தடுக்கி விழ வேண்டும். தரையில் உருண்டுகொண்டே, உடைந்த சிங்களத்தில், “அனே மாத்தயா, தே எக்க ஹெலுனா” என்று அழ வேண்டும். ஐயோ ஐயா, தேத்தண்ணி கொட்டிப்போச்சாம். தியேட்டர் கூரை பறக்கிற மாதிரி சனம் சிரிக்கும். உண்மையில் யோசப்பின் சிங்களம் ரேடியோவில் செய்தி வாசிப்பவரின் சிங்களத்துக்குக் குறைந்ததில்லை. அதைக் கெடுத்துப் பேசத்தான் சம்பளம்.

போன வாரம் விட்ட இடம் சிலருக்கு மறந்திருக்கும். பன்னிரண்டாவது படத்தில்தான் அவனுக்கு ஒரு மனுஷன் வேஷம் கிடைத்தது. செத்துப்போன தாயைப் புதைக்க அரைநாள் கேட்டு, தொரையின் முன்னால் நிற்கிற தொழிலாளி. தொரை அறைகிறார். அவன் அசையாமல் நிற்கிறான். அந்தக் காட்சியை எடுக்கத்தான் அவன் பிறந்த தோட்டத்துக்கே வந்திருக்கிறார்கள். ஆனால் வேன் வந்து நின்றதும் நிற்காததுமாக, படத்துக்குப் பணம் போட்ட செல்லையா முதலாளி புதிதாக ஒன்றைச் சொன்னார். அறை வாங்கியதும் யோசப் விழ வேண்டும். உருள வேண்டும். பழைய மாதிரி ஒரு தரம் அழ வேண்டும்.

“சனம் ஒன்ன எதுக்குப் பாக்க வருது தம்பி? நீ விழுறதுக்குத்தானே.”

யட்டியாந்தோட்டைக் கடைவீதியில் கருவாட்டுக் கடையும் துணிக்கடையும் வைத்து முன்னுக்கு வந்தவர் முதலாளி. எது விலைபோகும் என்று அவருக்குத் தெரியும். மாட்டேன் என்றால், அதே மாதிரிச் சட்டையைப் போட்டுக்கொண்டு கொழும்பு நடிகர் ஒருவர் வேனுக்குள் தயாராக இருந்தார்.

யோசப் பெட்டியை எடுத்துக்கொண்டு காம்பராவுக்குப் போனான். பெண்சாதியிடம் மட்டும் சொன்னான்: “நம்ம பெரட்டுக் களத்துல, நம்ம சனத்துக்கு முன்னால, நான் விழமாட்டேன் தெரேசு.”

அந்த வார்த்தையோடுதான் தெரேசம்மாவுக்கு விடிந்தது.

“தாயி, ஒம் புருசன்கிட்ட சொல்லு. தேத்தண்ணி ஆறிப்போகுது.”

சொன்னவர் பவுல். தெரேசம்மாவின் மாமனார், யோசப்பின் அப்பா. காலையில் தப்படித்துத் தோட்டத்து ஆட்களை, வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக் களத்துக்குக் கூப்பிடுகிறவர். அவர் அடித்த பிறகுதான் இந்தத் தோட்டத்துக்குப் பொழுது விடியும்.

“குடிக்கிறேன்னு அப்பாகிட்ட சொல்லு தெரேசு.”

இரண்டு பேருக்கும் நடுவில் ஒரு கோப்பையை எட்டிக் கொடுக்கிற தூரம்தான். தெரேசம்மா அந்தத் தூரத்தை ஐந்து வருஷமாக நடந்துகொண்டிருந்தாள். அவளும் காலையில் பால் வெட்டப் போகிறவள். அங்கே மரங்களுக்கு நடுவில் நடக்கிற நடையைவிட, புருஷன் வீட்டுக்கு வருகிற நாட்களில் இந்த நடைதான் அதிகம்.

ஏன் இந்தப் பேச்சில்லாமை என்பதற்குப் பக்கத்துக் காம்பரா ரோசலினிடம் ஒரு கதை உண்டு. முதல் படம் யட்டியாந்தோட்டை தியேட்டருக்கு வந்தபோது பவுல் புது வேட்டி கட்டிக்கொண்டு போனார். மகன் விழுந்து உருண்டான். சனம் சிரித்தது; சிரித்துக்கொண்டே திரும்பி இவரையும் பார்த்தது. பாதியில் எழுந்து வந்துவிட்டார். அதற்குப் பிறகு கடைவீதிப் பையன்கள் அவரைக் கண்டாலே “தே எக்க ஹெலுனா” என்று கத்த, கிழவர் டவுனுக்கு ஆற்றங்கரை வழியாகச் சுற்றிப் போக ஆரம்பித்தார்.

ரோசலின் சொன்னது எல்லாம் நிஜம். ஆனால் பாதி நிஜம். மீதி தெரேசம்மாவுக்குத்தான் தெரியும். ஐந்து வருஷத்துக்கு முன்னால் மாமியார் இறந்தபோது பவுலே தன் பெண்சாதிக்குத் துக்கத் தப்பு அடித்தார். மகன் வரட்டும், மகன் வரட்டும் என்று கை ஓயாமல் அடித்தார். செய்தி கொழும்பு ஸ்டூடியோவுக்குப் போனபோது யோசப் விழுந்துகொண்டிருந்தான். அந்தக் காட்சி முடிகிறவரை யாரும் அவனிடம் சொல்லவில்லை. அவன் வந்து சேர்ந்தபோது கல்லறை மண்ணை மழை அமுக்கியிருந்தது.

அம்மாவைப் புதைக்க அரைநாள் கேட்கிற வேஷம் எப்படி அவனைத் தேடி வந்தது என்று தெரேசம்மா கேட்டதில்லை. அதை அவன் எவ்வளவு ஆசையாகக் கேட்டு வாங்கியிருப்பான் என்று மட்டும் தெரியும்.

பெரட்டுக் களத்தில் நாற்பது பேரை நிறுத்தியிருந்தார்கள். படத்தில் நிற்பதற்கும் ஒருநாள் பேர் போடுவதாகத் தோட்டத்து ஆபீஸ் சொல்லியிருந்ததால், ஒருநாள் சம்பளம் நிற்கிற நிலையிலேயே கிடைக்கிறதே என்று பொம்பளைகள் நல்ல சேலையாகப் பார்த்துக் கட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். டைரக்டர் குணதிலக்க தலையில் கைவைத்தார். இளம் வயது மனுஷர்; எதையும் மெதுவாகத்தான் சொல்வார். “அக்கா, வேலைக்குப் போகிற சேலை வேண்டும்” என்று சிங்களத்தில் கெஞ்சினார். மறுபடி ஒரு ஊர்வலம் லயத்துக்குப் போய் வந்தது.

மற்றவர்கள் எல்லாம் வழக்கம்போல வேலைக்குப் போயிருந்தார்கள். காலையில் வெட்டிவிட்ட மரங்களிலிருந்து சிரட்டையில் வடிந்த பாலை வாளியில் சேர்க்கிற நேரம். ரோசலினும் கீழ்மலையில்தான். சூட்டிங் நடக்கிற நாளில் தன்னைக் கீழ்மலைக்கு அனுப்பிய கங்காணியை அவள் இந்த ஜன்மத்தில் மன்னிக்கப் போவதில்லை.

களத்தின் ஓரத்தில் பவுல் வைக்கோலைக் கொளுத்தித் தப்பைக் காய்ச்சிக்கொண்டிருந்தார். மகன் பக்கம் முகத்தைத் திருப்பவேயில்லை.

சினிமாத் தொரை கையை ஓங்கினார். அறை விழுந்தது. யோசப் நின்றான்.

“கட்.”

முதலாளி குடையை ஊன்றிக்கொண்டு வந்தார். “தம்பி யோசப்பு, மறந்துட்டியா? நீ விழணும்.”

“மறக்கலீங்க.”

மறுபடி அறை. மறுபடி யோசப் நின்றான். நாற்பது பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். பின்வரிசையில் ஒரு பெண் மட்டும், “அந்த வெள்ளத் தொப்பிக்காரருக்குக் கை வலிக்கப் போகுது” என்றாள்.

முதலாளி வேன் பக்கம் பார்த்துக் கையைத் தட்டினார். கொழும்பு நடிகர் தலையைச் சீவிக்கொண்டு இறங்கினார். டைரக்டர் யோசப்பின் தோளில் கைவைத்து ஓரமாகக் கூட்டிப்போனார்.

“யோசப் அண்ணே, நீங்கள் நிற்பதுதான் எனக்கும் வேண்டும். ஆனால் பிலிம் அவருடையது. இன்னும் ஒரு தரம்தான் தருவார்.”

தண்ணீர்ச் செம்போடு தெரேசம்மா புருஷனிடம் போனாள். இந்த ஆளுக்கு இந்த வேஷமும் போனால் பழையபடி தேத்தண்ணித் தட்டுத்தான். அதுவும் இனிக் கிடைக்குமோ என்னவோ. பத்து வருஷம் பட்ட பாட்டை, தன்னிடம் சொன்ன ஒரு வார்த்தைக்காகக் கட்டிப்போட்டு வைத்திருப்பது தான்தானோ என்று அவளுக்குத் தோன்றியது.

“விழுந்துருங்க,” என்றாள். “நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன்.”

“நீ நெனைக்க மாட்ட. அங்க ஒருத்தரு நிக்கிறாரே.”

“அவருதான் ஒங்ககிட்ட பேசவே மாட்டேங்குறாரே.”

“அதனாலதான் தெரேசு.”

டைரக்டர் முதலாளியின் காதில் ஏதோ சொன்னார். முதலாளி கிழவரிடம் போனார்.

“இந்தா பவுலு, கதையில தாய்க்காரி செத்துப்போச்சு. பின்னால துக்கமா ஒரு சத்தம் வேணுமாம். அடிப்பியா?”

“துக்கத்துக்கு எங்ககிட்ட ஒரே அடிதாங்க இருக்கு.”

“அதையே அடி.”

“அது தூரத்துக்குக் கேக்குமுங்க.”

“கேக்கட்டும். கேக்கணும்னுதானே அடிக்கச் சொல்றேன்.”

பவுல் தப்பைத் தோளில் மாட்டினார். தலைத்துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டினார். அப்புறம் அடித்தார்.

பெரட்டுக்கு அடிக்கிற அடி விறுவிறு என்று ஆளை விரட்டும். இது அப்படியில்லை. ஒன்று அடித்து, கொஞ்சம் விட்டு, ரெண்டு அடித்து, மறுபடி விட்டு, அந்த விட்ட இடத்தில் கேட்கிறவன் நெஞ்சு அடிக்கும். தெரேசம்மாவுக்கு மாமியாரின் பெட்டி கண்முன் வந்தது. யோசப்பின் முகத்தில் இரத்தமே இல்லை. தன் தாய்க்கு அடித்த அடியை அவன் இன்றைக்குத்தான் கேட்கிறான்.

சத்தம் களத்தைத் தாண்டியது. தோட்டத்து ரப்பர் ஆலையான ஸ்டோரைத் தாண்டியது. கீழ்மலைக்கு இறங்கியது.

கொழும்புக்காரர்களுக்குத் தெரியாத ஒரு சங்கதி இதுதான். துக்கத் தப்பு கேட்டால் தோட்டத்தில் யார் என்று கேட்டுக்கொண்டு நிற்பதில்லை. கத்தியை மரத்தடியில் வைத்துவிட்டு, வாளியை அப்படியே விட்டுவிட்டு வந்துவிடுவார்கள். யார் என்பது வருகிற வழியில் தெரிந்துகொள்வது. அன்றைக்கு லயத்தில் சீக்காளி யாரும் இல்லை. சத்தமோ சூட்டிங் நடக்கிற பக்கமிருந்து. சூட்டிங்கில் துப்பாக்கியெல்லாம் வைத்திருப்பார்கள். மீதியை ரோசலின் பூர்த்தி செய்துவிட்டாள்.

மேட்டின் மேல் முதலில் தெரிந்தது அவள்தான். தலை அவிழ்ந்து, மாரில் அடித்துக்கொண்டு வந்தாள்.

“ஐயோ யோசப்பு அண்ணே, சொந்த மண்ணுல வந்து போய்ட்டீங்களே. படத்துல விழுந்து விழுந்து எந்திரிச்சீங்களே, இப்ப எந்திரிக்காமப் போனீங்களே...”

அவளுக்குப் பின்னால் கீழ்மலை முழுக்க வந்தது. ஆம்பளைகள் தலைத்துண்டைக் கையில் எடுத்திருந்தார்கள். அடுத்த பிரிவிலிருந்தும் வந்துகொண்டிருந்தார்கள். மேட்டில் ஆள் ஆளாக வந்து நின்று, களத்தில் யோசப் உயிரோடு நிற்பதைப் பார்த்ததும் சத்தம் அப்படியே நின்றது. ரோசலின் வாய் திறந்தபடியே இருந்தது. அதிலிருந்து ஒன்றும் வரவில்லை. தெரேசம்மாவுக்குத் தெரிந்து அது முதல் தடவை.

தப்படிப்பை எடுத்துக்கொண்டிருந்த கேமராக்காரரின் முதுகில் டைரக்டர் கையை வைத்து அழுத்தினார். நிறுத்தாதே என்று அர்த்தம்.

சினிமாத் தொரைக்கு யாரும் ஒன்றும் சொல்லாததால், அவர் தன் வேலையைச் செய்தார். அறைந்தார்.

ஒருவரும் சிரிக்கவில்லை. இருநூறு முந்நூறு சனம், துண்டு கையில், பால் காய்ந்த விரல்களோடு அந்த வெள்ளைத் தொப்பியைப் பார்த்தது. தொரை ஒரு அடி பின்னால் வைத்தார். அப்படி வைக்கச் சொல்லி அவருக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

யோசப் நின்றான். சிப்பாய் வேஷத்தில் சவுக்கோடு நின்றானே, அந்த நிற்பு. தன்னுடைய சுத்தமான சிங்களத்தில், சத்தம் போடாமல், “என் தாய் ஒரு நாள்தான் சாவாள், தொரை” என்றான். அது கதையில் எழுதியிருந்தது. அடுத்தது எழுதியிருக்கவில்லை. சனத்தின் பக்கம் திரும்பி, தமிழில் சொன்னான்:

“எங்கம்மாவ அடக்கம் பண்ணணும். நாங்க போறோம்.”

முதுகைக் காட்டி நடந்தான். சனம் தானாக வழிவிட்டது. வழியின் தொடக்கத்தில் பவுல் நின்றார். அவர் மகனைப் பார்த்தார். முன்னால் திரும்பி, பெட்டிக்கு முன்னால் நடக்கிற மாதிரி அடித்துக்கொண்டு நடந்தார். மகன் பின்னால் போனான். அவனுக்குப் பின்னால் தெரேசம்மா. அவளுக்குப் பின்னால் தோட்டம்.

படப்பெட்டியில் பிலிம் தீர்ந்து கரகரவென்று ஓடியபோதுதான் டைரக்டர் “கட்” என்றார். அது யார் காதிலும் விழவில்லை.

செல்லையா முதலாளி குடையை மடக்கி, செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலில் நின்றுகொண்டிருந்தார். துக்கத் தப்புக்கு முன்னால் செருப்போடு நின்று அவருக்கும் பழக்கமில்லை. கொஞ்ச நேரம் கழித்துத்தான் அவருக்கே அது தெரிந்தது. அவசரமாகச் செருப்பை மாட்டிக்கொண்டு, “ஒரு ரீல் வீணாப் போச்சு” என்றார். ஆனால் கொழும்பு நடிகரை மறுபடி வேனில் ஏறச் சொன்னதும் அவர்தான்.

இதெல்லாம் நடந்தால் தோட்டம் சும்மா இருக்குமா? கீழ்மலையில் விட்டுவிட்டு வந்த வாளிகளில் பால் உறைந்து கட்டியாகிக் கிடந்தது. சிரட்டையில் இருந்ததும் அப்படியே. ஸ்டோருக்குப் போக வேண்டிய ஒருநாள் பால் அரை விலைகூடக் கிடைக்காத வெறும் ஒட்டுப்பாலாகப் போய்விட்டது. சாயந்தரம் கணக்கப்பிள்ளை லயத்து வாசலில் வந்து நின்றார். செத்தவர் இல்லாமல் சாவுத் தப்பு அடித்தது யார் உத்தரவில் என்று நிஜத் தொரை கேட்கிறாராம். நாளைக்குக் காலையில் பவுல் தப்போடு ஆபீசுக்கு வர வேண்டுமாம்.

“தப்பை வாங்கி வச்சிருவாங்களா?” தெரேசம்மா கேட்டாள்.

கணக்கப்பிள்ளை கணக்குப் புத்தகத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு இறங்கிப் போனார்.

காம்பராவுக்குள் மூன்று கோப்பைத் தேத்தண்ணி இருந்தது. சுவரின் அந்தப் பக்கம் ரோசலின் பாத்திரம்கூடக் கழுவவில்லை.

“மாமா,” என்றாள் தெரேசம்மா, “அத அடிச்சா மலையே இறங்கி வரும்னு தெரியாமலா அடிச்சீங்க?”

“அடிக்கச் சொன்னாரு, அடிச்சேன்.” கிழவர் தேத்தண்ணியை ஊதினார். “தூரத்துக்குக் கேக்கும்னும் சொன்னேனே.”

யோசப் தலையைக் குனிந்துகொண்டிருந்தான். தெரேசம்மா, இதோ இப்போது தாயி என்று கூப்பிட்டு ஏதாவது சொல்லி அனுப்புவார் என்று நடுவில் நகர்ந்து உட்கார்ந்தாள். பழக்கம்.

பவுல் அவளைக் கூப்பிடவில்லை. அவளைத் தாண்டிப் பார்த்தார்.

“யோசப்பு. நாளைக்கு ஆபீசுக்கு என்கூட வா. நல்ல சிங்களத்துல பேச எம்பக்கம் ஒரு ஆளு வேணும்.”

யோசப் நிமிர்ந்தான்.

“வாறேன்ப்பா.”

சுவரின் அந்தப் பக்கம் ஒரு பாத்திரம் கை நழுவி விழுந்தது.

அந்தச் சத்தம் அடங்குமுன் வாசலில் வேன் டிரைவர் வந்து நின்றார்.

“யோசப் அண்ணே, முதலாளி சொல்லச் சொன்னாரு. விடியக்காலைல வேன் கெளம்புது. இன்னைக்கி எடுத்ததுக்குக் குரல் குடுக்க நீங்க கொழும்புக்கு வரணுமாம். வந்தா அந்தக் காட்சி அப்படியே படத்துல இருக்குமாம்.” அவர் தயங்கிப் பவுலையும் பார்த்தார். “வராம ஆபீஸ் பக்கம் போயி, தப்படிக்கச் சொன்னது யாருன்னு சொன்னீங்கன்னா, ரீலை ஆத்துல போட்டுருவாராம்.”

யோசப் டிரைவரைப் பார்த்தான். அப்பாவைப் பார்த்தான். ஐந்து வருஷத்தில் முதல் தடவையாகத் தெரேசம்மா ஒருவர் வார்த்தையையும் இன்னொருவரிடம் எடுத்துப் போகவில்லை. எழுந்து போய் விடிந்தால் ஆபீசுக்குப் போக வேண்டிய தப்பை மூலையிலிருந்து எடுத்து, தன் முந்தானையால் சாம்பலைத் துடைத்து, இருவருக்கும் நடுவில் வைத்தாள்.